பாட்டும் அவரே, ஆட்டமும் அவரே

விராலிமலை முத்துக்கண்ணம்மாளுக்கு பத்மஸ்ரீ கிடைத்தது. அவருடைய சதிர் ஆட்டத்துக்கு என்ன கிடைத்தது?

விராலிமலையில் விடிந்ததும் முதலில் காதில் விழுவது மயில் அகவல்தான். திருச்சி – மதுரை சாலையில் விரையும் லாரிகளின் இரைச்சலை மீறியும் அது அடிவாரம் வரைக்கும் கேட்கும். அடிவாரத்திலிருந்து ஆறுமுகன் சன்னிதிக்கு ஏறக்குறைய 400 கற்படிகள். பாதி தூரம் ஏறியதும் உட்கார்ந்து, தண்ணீர் குடித்து, முழங்காலைத் தடவிவிட்டு மறுபடியும் ஏறுகிறவர்களை இன்றும் பார்க்கலாம். 1940-களில் ஏழு வயதுப் பெண் குழந்தை ஒருத்தி இதே படிகளைக் காலையில் ஒருமுறை, மாலையில் ஒருமுறை ஏறி இறங்கினாள். மேலே போய்ச் சேர்ந்தால் பூசை வேளை தயாராக இருக்கும். மூச்சு வாங்கிக்கொண்டு ஓரமாக நிற்க முடியாது. சாமிக்கு முன்னால் வாய்விட்டுப் பாட வேண்டும். பாடியபடியே ஆடவும் வேண்டும்.

2022 ஜனவரி 25 அன்று பத்ம விருதுப் பட்டியல் வெளியானபோது அந்தக் குழந்தையின் பெயர் அதில் இருந்தது: ஆர். முத்துக்கண்ணம்மாள். அப்போது அவருக்கு வயது எண்பதைத் தாண்டியிருந்தது. அதே பட்டியலில் தமிழ்நாட்டிலிருந்து நடிகை சௌகார் ஜானகி இருந்தார்; கிளாரினெட் மேதை ஏ.கே.சி. நடராஜன் இருந்தார். அவர்களை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. முத்துக்கண்ணம்மாளின் பெயரை அன்றுதான் முதன்முதலாகக் கேட்ட தமிழர்கள் ஏராளம். அத்தனை காலமும் அவர் ஒளிந்துகொண்டிருக்கவில்லை. சொந்த ஊரில்தான் இருந்தார். நாம்தான் அந்தப் பக்கம் திரும்பிப் பார்க்காமல் இருந்தோம்.

32 பேரில் ஒருவர்

அவர் தேவரடியார் குடும்பத்தின் ஏழாவது தலைமுறை. தந்தை ஆட்டம் கற்பிக்கும் நட்டுவனார் என்பதால் பாடம் வீட்டிலேயே நடந்தது. விராலிமலை சுப்பிரமணிய சுவாமி கோயிலுக்கு 32 பெண்கள் பொட்டுக்கட்டப்பட்டுத் தேவரடியார்களாகப் பணி செய்தார்கள். அவர்களில் எஞ்சியிருப்பவர் முத்துக்கண்ணம்மாள் மட்டுமே என்பதுதான் விருதை ஒட்டி அவரைப் பற்றி எழுதியவர்கள் எல்லோரும் சொன்ன முதல் செய்தி.

பொட்டுக்கட்டு என்றால் சாமிக்கு வாழ்க்கைப்படுவது. அப்படி வாழ்க்கைப்பட்டவளுக்குக் கைம்பெண் நிலை கிடையாது. அவள் நித்திய சுமங்கலி. சன்னிதியில் பாட்டு, ஆட்டம், கும்பாரத்தி எல்லாம் அவள் பொறுப்பு. அதற்கு ஈடாகக் கோயில் மானியம் உண்டு. விராலிமலை அன்று புதுக்கோட்டைச் சமஸ்தானத்துக்கு உட்பட்ட ஊர். 1928 முதல் 1948 வரை அரியணையில் இருந்தவர் ராஜகோபாலத் தொண்டைமான். முத்துக்கண்ணம்மாள் சலங்கை கட்டியது அந்த ராஜ்ஜியத்தின் கடைசி ஆண்டுகளில்.

புதுக்கோட்டை மாவட்டத்தில் தேவரடியார்களின் கதை நேற்று தொடங்கியதில்லை. விராலிமலையிலிருந்து புதுக்கோட்டைக்கு வரும் வழியில் விலகினால் குடுமியான்மலை. பாறையில் இசைக்கல்வெட்டு பொறித்த ஊர். அங்குள்ள கோயிலில் அம்மன் சன்னிதியை 13-ஆம் நூற்றாண்டில் கட்டியவர் உமையாள்வி என்ற தேவரடியார். சொந்தப் பொன்னைக் கொடுத்து நிலம் வாங்கி, சாமியை எழுந்தருளச் செய்து, கல்வெட்டில் தன் பெயரையும் பொறித்துக்கொண்ட பெண். அதற்கும் முன்னால் ராஜராஜன் தஞ்சைப் பெரிய கோயிலில் 400 தளிச்சேரிப் பெண்டுகளைக் குடியமர்த்தி, ஒவ்வொருவர் பெயரையும் வீட்டு வரிசையையும் கல்லில் வெட்டுவித்தான். இந்தப் பெண்களுக்கு ஊரில் பெயர் இருந்தது, வீடு இருந்தது, நிலம் இருந்தது. பிற்காலத்தில் அவர்களுக்கு மிஞ்சியது வசைச்சொல் ஒன்றுதான்.

தாளம் காலில், ராகம் தொண்டையில்

சதிர் என்றதும் 'அதுதான் பரதநாட்டியம்' என்று சொல்லிவிடுகிறோம். அடிப்படை ஒன்றுதான். ஆனாலும் இரண்டும் ஒன்றென்று முடித்துவிட முடியாது.

இன்றைய சபா மேடையை நினைத்துப் பாருங்கள். ஆடுபவர் ஆடுகிறார். வாய்ப்பாட்டுக்காரர், நட்டுவாங்கம், மிருதங்கம், வயலின் எல்லாம் மேடை ஓரத்தில் வரிசையாக உட்கார்ந்திருக்கும். ஆடுபவர் உதடு அசைத்தால் போதும். சிலர் அதையும் செய்வதில்லை. சதிரில் ஆடுபவளே பாடுவாள். எங்கே மூச்சை இழுப்பது, எந்தச் சொல்லில் கையை நிறுத்துவது, எந்த வரியை மறுபடியும் எடுப்பது என்பதெல்லாம் அந்தக் கணத்தில் அவளே எடுக்கிற முடிவு. ஒரு வரியை நான்கு முறை பாடினால் நான்கு முறையும் பொருள் வேறு வேறாக விரியும். முதல் முறை கெஞ்சல், அடுத்தது ஏளனம், பிறகு கோபம், கடைசியில் எல்லாவற்றையும் விட்டுவிட்ட சிரிப்பு. பின்னால் உட்கார்ந்து வேறொருவர் பாடும்போது இதையெல்லாம் முன்கூட்டியே பேசி வைத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. பாட்டும் ஆட்டமும் ஒரே உடம்பில் இருந்தால் ஒத்திகைக்கு அவசியமே இல்லை.

முத்துக்கண்ணம்மாளின் ஒளிப்பதிவுகளைப் பார்க்கும் எவருக்கும் இது கண்கூடு. தள்ளாத வயது, சாதாரணப் புடவை. குரல் மட்டும் கணீரென்று இருக்கிறது. கை மார்பை விட்டு அதிகம் விலகுவதில்லை. கண்தான் எல்லா வேலையையும் பார்க்கிறது. பாட்டின் பல்லவி திரும்பி வரும்போது புருவம் சற்றே ஏறுகிறது; அவ்வளவில் காதலன் பொய் சொல்கிறான் என்பது நமக்குத் தெரிந்துவிடுகிறது. பக்கம் பக்கமாக எழுதினாலும் இதைச் சொல்லிக்கொடுக்க முடியாது. எதிரே உட்கார்ந்து பார்த்துத்தான் கற்க முடியும்.

அவர் மனத்தில் சுமந்திருந்த சரக்கும் பெரியது. சன்னிதிப் பாடல்கள், கும்மி, விராலிமலை முருகனைத் தலைவனாக வைத்த குறவஞ்சி ஒரு பக்கம். வெள்ளைக்காரர்களின் பேண்டு வாத்திய மெட்டில் அமைந்த நோட்டுஸ்வரம் இன்னொரு பக்கம். மலைக்கோயில் தேவரடியாருக்கு இங்கிலீஷ் மெட்டு எப்படி வந்தது என்று வியக்க வேண்டாம். தொண்டைமான் அரசவை அப்படிப்பட்டது. ராஜகோபாலத் தொண்டைமானுக்கு முன் ஆண்ட மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் 1915-இல் ஆஸ்திரேலியப் பெண்ணை மணந்தவர். அரண்மனைக்குள் வந்த மெட்டு ஆடுகிறவர்களின் காலுக்கும் வந்துசேர்ந்தது. கோயில், அரண்மனை, கல்யாண வீடு மூன்றையும் ஒரே கலைஞர்கள்தான் இணைத்தார்கள்.

> சதிர்க் கச்சேரி: சில குறிப்புகள்
>
> நாகஸ்வரமும் தவிலும் பெரியமேளம். சதிர் ஆடும் குழு சின்னமேளம்.
>
> 19-ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் தஞ்சை நால்வர் எனப்படும் சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு சகோதரர்கள் கச்சேரியின் வரிசையைச் செப்பனிட்டார்கள்: அலாரிப்பு, ஜதிஸ்வரம், சப்தம், வர்ணம், பதம், ஜாவளி, தில்லானா.
>
> 1932-இல் சென்னை மியூசிக் அகாடமி 'சதிர்' என்ற பெயரை விட்டு 'பரதநாட்டியம்' என்ற பெயரை ஏற்றது.
>
> 1935-இல் ருக்மிணி தேவி அருண்டேல் மேடையேறினார். 1936-இல் கலாக்ஷேத்திரா பிறந்தது.
>
> பாடிக்கொண்டே ஆடும் முறையை உலக மேடைகள் வரை கொண்டுபோனவர் தஞ்சாவூர் பாலசரஸ்வதி (1918–1984).

ஒரே மண், இரண்டு பெண்கள்

பொட்டுக்கட்டு வழக்கத்துக்கு எதிராகச் சட்டம் வேண்டும் என்று போராடிய டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியும் புதுக்கோட்டைக்காரர். 1886-இல் பிறந்தார். தந்தை நாராயணசாமி ஐயர் கல்லூரி முதல்வர். தாய் சந்திரம்மாள் தேவரடியார் குடும்பத்தில் பிறந்தவர். ஆண்கள் மட்டும் படித்த மகாராஜா கல்லூரியில் முத்துலட்சுமி சேர அன்றைய அரசரின் அனுமதி வேண்டியிருந்தது. 1912-இல் மருத்துவர் ஆனார். சென்னை மாகாணச் சட்ட மேலவைக்குப் போனார். 1930-களின் தொடக்கத்தில் அவ்வை இல்லத்தையும், 1954-இல் அடையாறு புற்றுநோய் மருத்துவமனையையும் நிறுவினார். பொட்டுக்கட்டு ஒழிப்பை அவர் மேடைப் பேச்சுக்காகப் பேசவில்லை. தாயின் வீட்டுப் பெண்களுக்கு நேர்ந்ததை அருகிலிருந்து கண்டவர் அவர்.

அவரோடு தோளோடு தோள் நின்ற மூவலூர் ராமாமிர்தம் அம்மையாரும் அதே குலத்தில் வளர்ந்தவர்தான். 1936-இல் அவர் எழுதிய 'தாசிகள் மோசவலை' நாவலைப் படித்தவர்களுக்குத் தெரியும், அந்தக் கோபம் எங்கிருந்து வந்தது என்று. விவரம் தெரியாத வயதுப் பெண் குழந்தையின் வாழ்க்கையைப் பெரியவர்கள் தீர்மானித்து, அவளைப் பணக்கார ஆண்களின் தயவில் விட்டுவிடும் வழக்கம் ஒழிய வேண்டியதுதான். இதில் எனக்குத் துளியும் ஐயமில்லை. ஏழு வயதுக் குழந்தையிடம் யாரும் சம்மதம் கேட்டிருக்க முடியாது.

1947-இல் சென்னை மாகாணத்தில் தேவதாசி ஒழிப்புச் சட்டம் நிறைவேறியது. புதுக்கோட்டை தனிச் சமஸ்தானம் என்பதால் மாகாணச் சட்டம் இங்கே நேராகச் செல்லாது. 1948 மார்ச்சில் சமஸ்தானம் இந்தியாவோடு இணைந்தது. அத்தோடு விராலிமலை மலைப்படிகளில் ஏறிய பெண்களின் வேலையும் முடிந்தது. ராஜாவும் இல்லை, சன்னிதிப் பணியும் இல்லை.

சட்டம் வழக்கத்தைத்தான் தடை செய்தது. கூடவே போனது கலைஞரின் பிழைப்பு. சன்னிதியில் ஆடக் கூடாது என்றது அரசு. சரி, வேறு எங்கே ஆடுவது? இந்தப் பெண்களுக்கு அதற்குப் பதில் சொல்ல யாரும் இருக்கவில்லை. சென்னையில் சபா மேடைகள் இருந்தன, ஆனால் அங்கே ஆட வந்தவர்கள் வேறு வீட்டுப் பெண்கள். நட்டுவனார்களுக்காவது ஆசிரியர் வேலை கிடைத்தது. பந்தநல்லூர், வழுவூர் என்று அவர்களின் ஊர்ப் பெயர்களே பாணிகளாயின. ஆடிய பெண்களுக்கு அதுவும் கிடைக்கவில்லை. இதை அன்றே எச்சரித்தவர்கள் உண்டு. திருவையாற்றில் தியாகராஜர் சமாதிக்குக் கோயில் எழுப்பிய பெங்களூர் நாகரத்தினம்மாள், தம் குலத்துப் பெண்களைத் திரட்டி மசோதாவை எதிர்த்தார். எங்களுக்குக் கல்வி கொடுங்கள், கலையைப் பறிக்காதீர்கள் என்பதுதான் அந்தப் பெண்களின் வாதம். அதன் பாதியைக் கூட அரசு காதில் வாங்கவில்லை.

விளைவு வீட்டுக்குள் நடந்தது. சலங்கையைப் பரணில் போட்டார்கள். பாட்டை முணுமுணுப்போடு நிறுத்திக்கொண்டார்கள். பெண்ணுக்கு வரன் பார்க்கும்போது பாட்டியின் தொழிலைச் சொல்லாமல் மறைத்தார்கள். ஊர் வாய்க்குப் பயந்து மகளுக்கு ஒரு அடவைக்கூடச் சொல்லித்தராத தாய்மார்கள் தமிழ்நாடு முழுக்க இருந்தார்கள். அவர்களைக் குறைசொல்ல யாருக்கும் அருகதை இல்லை. பிள்ளைகள் தலைநிமிர்ந்து வாழ அவர்கள் கொடுத்த விலை அது. அந்தச் சூழலில் முத்துக்கண்ணம்மாள் நான் இன்னார் என்று வெளிப்படையாகச் சொன்னார், கேட்டவர்களுக்குப் பாடிக் காட்டினார், ஆடிக் காட்டினார். மலைப்படி ஏறியதைவிட இது கடினமான காரியம்.

ஸ்திரீபார்ட்டுக்கும் அதே ஏச்சு

சதிரை மட்டும் பேசிவிட்டு நிறுத்தினால் புதுக்கோட்டைக்கு நியாயம் செய்ததாகாது. இது நாடக மண். நடிகர் பி.யு. சின்னப்பா பிறந்த ஊர். 'ஸ்பெஷல் நாடகம்' என்று பெயர் பெற்ற இசை நாடகத்தை இன்றும் நம்பி வாழும் கலைஞர்கள் இங்கே இருக்கிறார்கள். பங்குனியில் தொடங்கி ஆடி வரைக்கும் கோயில் திருவிழாக்களில் இரவு பத்து மணிக்கு ஆர்மோனியம் எழும்பினால் விடிகிறவரைக்கும் ஓயாது.

இதன் அமைப்பே தனி. கம்பெனி கிடையாது. நாயக வேடம் போடும் ராஜபார்ட் ஒரு ஊர், நாயகி வேடம் போடும் ஸ்திரீபார்ட் ஒரு ஊர், கோமாளியான பபூன் இன்னொரு ஊர். ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பேசி முடிப்பார்கள். எல்லோரும் சந்திப்பதே மேடைக்குப் பின்னால் ஒப்பனை போடும் இடத்தில்தான். ஒத்திகை இல்லை. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) எழுதி வைத்த 'வள்ளி திருமணம்' எல்லோருக்கும் மனப்பாடம் என்ற ஒரே நம்பிக்கையில் திரை விலகும். வள்ளிக்கும் வேலனுக்கும் தர்க்கம் தொடங்கிவிட்டால் வசனப் புத்தகம் உதவாது. எதிராளி எந்த ராகத்தில் கேள்வி கேட்கிறானோ அந்த ராகத்திலேயே பதில் வர வேண்டும். மூன்று மணிக்குத் தூங்கி வழியும் கூட்டத்தை ஒரே விருத்தத்தில் நிமிர்ந்து உட்கார வைக்கிற நடிகைகளை இந்தப் பக்கத்துக் கிராமங்களில் கேட்டிருக்கிறேன். குரலும் நடிப்பும் புத்தியும் ஒரே ஆளிடம் வேண்டும். விராலிமலையில் முருகன் முன்னால் பாடி ஆடியவளுக்கும், திருவிழாப் பந்தலில் முருகனோடு வாதாடும் வள்ளிக்கும் தேவைப்படுவது ஒரே திறமைதான்.

இருவருக்கும் கிடைக்கிற ஏச்சும் ஒன்றே. ராத்திரியில் மேடையேறுகிற பெண் என்ற ஒரே காரணத்துக்காக நாடக நடிகைகள் படுகிற பாட்டை அமெரிக்க ஆய்வாளர் சூசன் சீசர் மதுரையில் தங்கி ஆராய்ந்து தனிப் புத்தகமே எழுதினார். பேருந்து நிலையத்தில் நாலு பேர் பார்க்க நிற்க வேண்டாமே என்று தனி வண்டி பிடித்துப் போவார்கள், உறவுக்காரர் ஒருவரைத் துணைக்கு அழைத்துப் போவார்கள். சம்பளத்தில் ஒரு பங்கு மானத்தைக் காப்பாற்றவே செலவாகிறது. நாடகத்தில் பாடிய கே.பி. சுந்தராம்பாள் 1951-இல் சட்ட மேலவைக்கே போனார். அதற்குப் பிறகும் ஸ்திரீபார்ட் நடிகைக்கு வாடகை வீடு கிடைப்பது எளிதாகிவிடவில்லை. 2020 மார்ச்சில் ஊரடங்கு வந்தபோது அது சரியாக நாடகப் பருவத்தின் வாசலில் வந்து விழுந்தது. அந்த வருடத் திருவிழாக்கள் அடியோடு நின்றன. நான்கைந்து மாத வருமானத்தில் பன்னிரண்டு மாதம் ஓட்டுகிற குடும்பங்களுக்கு அது வருடம் முழுக்கச் சோற்றுக்கு அடி.

யாருக்குச் சொல்லிக்கொடுப்பது?

பத்ம விருதோடு பணம் வராது என்பது பலருக்குத் தெரியாது. பதக்கமும் சான்றிதழும்தான். ரயில் சலுகைகூடக் கிடையாது. அந்த மரியாதை பெரிது, மறுக்கவில்லை. அரசு தன் கையால் இந்தப் பெண்ணுக்குப் பதக்கம் கொடுத்ததே ஒரு நூற்றாண்டு ஏச்சுக்குப் பதில். ஆனாலும் அந்த மரியாதை ஒருவருக்கானது. அவர் மனத்தில் இருந்த பாடல்களுக்கும் அடவுகளுக்கும் அதனால் ஒரு வாரிசும் வந்துவிடாது.

அந்தப் பாடல்களையும் அடவுகளையும் காக்கும் வேலையைச் செய்தவர்கள் தனி ஆட்கள். ஆய்வாளர் தவேஷ் சோனேஜி விராலிமலைக்கு வந்து கேட்டுப் பதிவு செய்தார். 2012-இல் வந்த அவருடைய புத்தகத்தில் விராலிமலைக்கென்றே ஒரு அத்தியாயம் இருக்கிறது. நடிகையும் நடனக் கலைஞருமான சொர்ணமால்யா, முத்துக்கண்ணம்மாளைக் குருவாக ஏற்று அவரிடம் பாடம் கேட்டார், தம் மேடைகளுக்கும் அழைத்துப் போனார். சென்னையிலிருந்து கிளம்பி வந்து ஒரு மூத்த பெண்ணின் காலடியில் உட்கார்ந்து கற்கிறவர்களை மனதாரப் பாராட்ட வேண்டும். அதே நேரத்தில் என்னை உறுத்துகிற விஷயமும் இதுதான். வெளியூர்க்காரர்கள் வந்து கற்றார்கள். விராலிமலைப் பிள்ளைகள்?

> அருகிலேயே ஒரு பள்ளி
>
> தமிழ்நாட்டில் 17 மாவட்ட அரசு இசைப்பள்ளிகள் உள்ளன. புதுக்கோட்டையிலும் ஒன்று இயங்குகிறது. குரலிசை, தேவாரம், நாகஸ்வரம், தவில், வயலின், மிருதங்கம், பரதநாட்டியம் ஆகியவற்றைக் கற்றுத்தரும் பள்ளிகள் இவை. சதிர் தனிப்பாடம் இல்லை.

சதிரைச் சொல்லிக்கொடுக்கப் பெரிய கட்டடம் எதுவும் வேண்டாம். வகுப்பு ஏற்கெனவே இருக்கிறது; பரதநாட்டியம் கற்கும் மாணவிகள் இருக்கிறார்கள். அந்தப் பாடத்திட்டத்தில் விராலிமலைப் பாடல்கள் சிலவற்றைச் சேர்க்கலாம். ஆடும் மாணவியே பாடவும் வேண்டும் என்று ஒரு தாளையாவது தேர்வில் வைக்கலாம். முத்துக்கண்ணம்மாளிடம் நேரில் கற்றவர்களை மதிப்பூதியத்தோடு அழைத்து வந்து, மாதக்கணக்கில் தங்கவைத்துக் கற்பிக்கச் சொல்லலாம். ஒரு நாள் பயிலரங்கில் பதம் வராது. அந்தக் கலையை அறிந்தவர் எவரும் இதை ஒப்புக்கொள்வார். ஆய்வாளர்கள் பதிந்து வைத்த ஒலி, ஒளி நாடாக்களின் படி ஒன்று மாவட்ட நூலகத்துக்கு வந்துசேர வேண்டும். தன் ஊர்ப் பாட்டியின் குரலைக் கேட்க ஒரு மாணவி கடல் தாண்டி இருக்கும் பல்கலைக்கழகத்துக்குக் கடிதம் எழுதிக்கொண்டிருக்கக் கூடாது. இசை நாடகத்துக்கும் இதே ஏற்பாடு தேவை. நாற்பது வருடம் வள்ளியாக மேடையில் நின்று தர்க்கம் செய்த நடிகையை விருத்தம் கற்பிக்கும் ஆசிரியராக நியமித்தால், நாடகப் பருவம் இல்லாத மாதங்களிலும் அவர் வீட்டில் அடுப்பு எரியும். பள்ளிக்கும் அவரைவிடச் சிறந்த ஆசிரியர் கிடைக்க மாட்டார்.

பெயர் விஷயத்திலும் ஒரு முடிவு வேண்டும். 'கடைசித் தேவதாசி' என்ற அடைமொழியைப் பத்திரிகைகள் விடாமல் பயன்படுத்துகின்றன. தலைப்புக்கு அது உதவுகிறது, அந்தக் குடும்பத்துப் பேரப்பிள்ளைகளுக்கு உதவுமா என்று யாரும் கேட்பதில்லை. பாடகர், ஆடற்கலைஞர், ஆசிரியர் என்ற மூன்று சொற்கள் கைவசம் இருக்கின்றன. மூன்றும் அவருக்குப் பொருந்தும். பொட்டுக்கட்டுச் சடங்கு அவர் வாழ்க்கையில் ஒரு நாள் நடந்தது. பாட்டும் ஆட்டமும் எழுபது ஆண்டுகளுக்கு மேல் நடந்தன.

விராலிமலையிலிருந்து புதுக்கோட்டைக்கு ஏறக்குறைய 40 கிலோமீட்டர். பேருந்து இருக்கிறது. அடிவாரத்துத் தெருக்களில் பள்ளி விட்டு வரும் பெண் பிள்ளைகளில் பாடத் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள், ஆட ஆசைப்படுகிறவர்களும் இருக்கிறார்கள். எந்தக் குலத்தில் பிறந்தாலும் அவர்கள் இதைக் கற்கலாம், விருப்பமில்லை என்றால் நாளைக்கே நிறுத்தலாம். முத்துக்கண்ணம்மாளுக்குக் கிடைக்காத அந்த உரிமையோடு சதிர் வகுப்பில் சேர வரும் முதல் பத்துப் பிள்ளைகளுக்கு அரசு பேருந்துச் செலவைக் கொடுத்துத் தொடங்கட்டும்.